நீர்யானையும் நாற்பது வயதும்

நாற்பதாவது பிறந்தநாள். அன்று டாம் குட்டுக்கு ஆபீஸில் என்ன வேலை தெரியுமா? காலை உணவு பாக்கெட்டில் இலவசமாகப் போடும் பிளாஸ்டிக் நீர்யானை பொம்மை! 1975 ஏப்ரலில் பி.பி.சி.யில் தொடங்கிய 'தி குட் லைஃப்' காமெடித் தொடரின் முதல் எபிசோட் இப்படித்தான் ஆரம்பிக்கிறது.

வீட்டுக்கடன் முடிந்துவிட்டது. வேலையை உதறிவிட்டு, லண்டன் அருகே சர்பிட்டன் வீட்டுத் தோட்டத்தையே உழுது பிழைக்கலாம் என்கிறார் டாம்.

சிரிப்புக்குக் குறைவில்லை. ஆனால் கனமான கட்டம், மனைவி பார்பரா யோசிப்பதுதான். கனவு கணவருடையது, சம்பளம் நிற்கப்போவது இருவருக்கும் அல்லவா? அதற்குப் பிறகுதான் 'சரி' என்கிறார்.

பார்பராவாக வரும் ஃபெலிசிட்டி கெண்டல், இந்தியாவில் வளர்ந்தவர். 'ஷேக்ஸ்பியர் வாலா' நாயகி. பக்கத்து வீட்டு மார்கோ? இந்த எபிசோடில் குரல் மட்டும்தான்!