டெக் போச்சு... கேசட்டும் போகணுமா?



தறிச்சத்தம் கேட்டு வளர்ந்த ஜலகண்டாபுரத்துக்காரன் நான். நம்ம ஊர் வீடுகளில் பரண் மேல் ஏறிப் பாருங்கள். அக்கா கல்யாண வீடியோ கேசட் ஒன்று, மாரியம்மன் பண்டிகையில் நடந்த தெருக்கூத்தைப் பதிந்த சி.டி. ஒன்று என்று ஏதாவது கிடக்கும். "அட, பழைய குப்பை! தூக்கிப் போடுப்பா" என்பார்கள். போடவே கூடாது என்பதுதான் என் கட்சி.

டி.வி.யும் டெக்கும் வாடகைக்கு எடுத்து, தெருவே கூடி, விடிய விடிய மூன்று படம் பார்த்த காலம் ஒன்று இருந்தது. 1993-இல் வி.சி.டி. வந்தது. ஒரு தட்டில் 74 நிமிடம்தான் அடங்கும். அதனால் நம்ம படம் ஒன்றுக்கு இரண்டு, மூன்று தட்டு! தெளிவும் கம்மிதான். ஆனால் மலிவாச்சே! தெருவில் இருந்த கூட்டம் வீட்டுக்குள் போனது. அப்புறம் டி.வி.டி. இன்றைக்கு ஆளுக்கொரு கைப்பேசி, ஆளுக்கொரு படம்.

வளர்ச்சிதான், மறுக்கவில்லை. ஆனால் ஒவ்வொரு மாற்றத்திலும், புதிய வடிவத்துக்கு மாற்றாமல் விட்டது அழிந்துபோகிறதே!

1931-இல் வெளிவந்த முதல் தமிழ்ப் பேசும்படம் 'காளிதாஸ்'. இன்று அதன் பிரதி ஒன்றுகூட இல்லை. படங்களைப் பாதுகாக்கப் புனேயில் தேசியக் காப்பகம் ஏற்பட்டதே 1964-இல்தான். நூற்றுக்கும் மேற்பட்ட படங்கள் எடுத்த நம் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸுக்கு, ஏற்காடு சாலையில் மிஞ்சியிருப்பது நுழைவு வளைவு மட்டுமே. பெரிய சினிமாவுக்கே இந்தக் கதி என்றால் நம்ம ஊர்க் கூத்துக்கு யார் காவல்?

"எல்லாம்தான் யூடியூப்ல இருக்கே மாப்ளே!" என்பீர்கள். சினிமா இருக்கும். உங்க பாட்டி சிரிக்கும் முகம் இருக்குமா?

காலமும் காத்திருக்காது. வி.சி.ஆர். செய்துவந்த கடைசி நிறுவனமான ஜப்பானின் ஃபுனாய், 2016 ஜூலையில் உற்பத்தியை நிறுத்திவிட்டது. ஈரம் பட்டால் நாடாவில் பூஞ்சை பிடிக்கும். வீட்டில் பதிந்த சி.டி.யின் சாயமும் நாளாக நாளாக மங்கும்.

இங்கேதான் டிப்ளமோ படிக்கும் நமக்கு வேலை! ஓடுகிற டெக் ஒன்று, அதைக் கணினியோடு இணைக்கும் சிறு கருவி ஒன்று. இவ்வளவு போதும். மூன்று மணி நேரக் கேசட்டை மாற்ற மூன்று மணி நேரமும் ஆகும். குறுக்கு வழி கிடையாது. மாற்றியதை இரண்டு பிரதியாக, இரண்டு வேறு இடத்தில் வைக்க வேண்டும். சினிமாப் படத்தைத் திருட்டு நகல் எடுக்கச் சொல்லவில்லை. அது குற்றம், 2004-இல் குண்டர் சட்டத்திலேயே சேர்த்துவிட்டார்கள். நான் கேட்பது நம் சொந்தச் சொத்தை!

நம் மாணவர் பேரவை இந்த ஆண்டே ஓர் அறையும் ஒரு டெக்கும் ஏற்பாடு செய்யட்டும். விடுமுறை நாளுக்கு இரண்டு கேசட் என்றாலும் ஆண்டு முடிவில் நூறைத் தொட்டுவிடலாம். ரிப்பேர் செய்யத் தெரிந்த கைகள் நம்மிடம் இருக்கின்றன. மனசு வைப்போமா, தோழர்களே?