அரசியும் அவள் குடிமக்களும்

கணிதம் அறிவியல்களின் அரசி என்று காஸ் கூறியதாக ஆண்டுதோறும் கணித மன்றத் தொடக்க விழாவில் கேட்கிறோம், கைதட்டுகிறோம். அந்த அரசி தன் குடிமக்களை எப்போதேனும் நேரில் சந்தித்ததுண்டா என்று மட்டும் எவரும் கேட்பதில்லை. நம் கல்லூரியைப் பொறுத்தவரை சந்தித்ததில்லை என்பதே என் கருத்து.

மூன்றாமாண்டுக் கணித வகுப்பில் அதிரும் இழையின் பகுதி வகைக்கெழுச் சமன்பாட்டை மாறிகளைப் பிரிக்கும் முறையால் தீர்க்கிறோம். இழையின் இரு முனைகளும் கட்டப்பட்டவை. ஆகவே அங்கே இடப்பெயர்ச்சி சுழி. ஆகவே சைன் சார்புக்குள் வரும் எண் முழு எண்ணாக மட்டுமே இருக்க இயலும். இவ்வளவையும் கரும்பலகையிலிருந்து ஏட்டுக்கு மாற்றிக்கொள்கிறோம். அதே மணி நேரத்தில், தாழ்வாரத்தின் மறுகோடியில், இயற்பியல் மாணவர் மெல்டே சோதனை செய்துகொண்டிருக்கிறார். இசைக்கவையில் கட்டிய நூல் கப்பியின் மேலாகச் சென்று எடைத்தட்டைத் தாங்குகிறது. அவர் எடையைக் கூட்டியும் குறைத்தும், கணுக்களுக்கிடையே நூல் புடைத்து நிற்கும் கண்ணிகளை ஒன்று, இரண்டு, மூன்று என எண்ணிக் குறிக்கிறார். அவர் எண்ணும் எண்ணும், நாம் பலகையில் எழுதிய முழு எண்ணும் ஒன்றே. இதை நமக்கும் யாரும் சொல்லவில்லை, அவருக்கும் யாரும் சொல்லவில்லை. கண்ணி ஏன் இரண்டரையாக வருவதில்லை என்று அவரைக் கேட்டுப் பாருங்கள்; ‘ரெக்கார்டு நோட்டில் அப்படித்தான் இருக்கிறது’ என்பார். அந்தச் சமன்பாடு எதைப் பற்றியது என்று நம்மைக் கேட்டால் ‘பத்து மதிப்பெண் வினா’ என்போம்!

இஃது ஏதோ நூலும் எடைத்தட்டும் பற்றிய சிறு செய்தி அன்று. 1926இல் ஷ்ரோடிங்கர் ஹைட்ரஜன் அணுவின் ஆற்றல் நிலைகளைக் கணித்துக் காட்டிய கட்டுரைக்கு இட்ட தலைப்பிலேயே ‘ஐகன் மதிப்புச் சிக்கல்’ என்ற தொடர் இருக்கிறது. எல்லை நிபந்தனைகள் இழையின் அதிர்வைச் சில குறிப்பிட்ட எண்களுக்குள் கட்டிப்போடுவதைப் போலவே, அணுவில் கட்டுண்ட எலெக்ட்ரானின் ஆற்றலும் சில குறிப்பிட்ட அளவுகளையே ஏற்கிறது என்பது அதன் சாரம். மெல்டே கருவியை உண்மையாகவே புரிந்துகொண்ட மாணவர் குவாண்டம் இயக்கவியலின் வாசற்படியில் கால் வைத்துவிட்டார் எனலாம்.

அக்கட்டுரைக்கு வேண்டிய கணிதம் இரண்டாண்டுகளுக்கு முன்பே அச்சேறி இருந்தது. கூரன்ட், ஹில்பர்ட் இருவர் பெயரிலும் 1924இல் ஜெர்மன் மொழியில் வெளிவந்த ‘கணித இயற்பியலின் முறைகள்’ என்ற நூலின் முதற்பகுதியைச் சொல்கிறேன். ஹில்பர்ட்டின் சொற்பொழிவுகளையும் கருத்துகளையும் அடிப்படையாகக் கொண்டு அதை எழுதியவர் கூரன்ட். அணிகள், தொடர்கள், தொகையீட்டுச் சமன்பாடுகள், அதிர்வுகள், ஐகன் மதிப்புகள் யாவும் அதில் ஒரே கூரையின் கீழ் இருந்தன. எழுதும்போது அணுவைப் பற்றிய புதிய கொள்கை எதுவும் கூரன்ட்டின் மனத்தில் இல்லை. அக்கொள்கை அப்போது பிறக்கவே இல்லை. 1925இல் ஹைசன்பர்க் ஒரு விந்தையான பெருக்கல் விதியோடு வந்தார். இரு அளவுகளின் வரிசையை மாற்றிப் பெருக்கினால் விடை மாறியது. அது அணிப் பெருக்கல் என்பது அவருக்குத் தெரியாது. மாணவப் பருவத்தில் அணிகளைக் கற்றிருந்த மாக்ஸ் போர்ன்தான் கண்டுகொண்டார். போர்னுடன் சேர்ந்து அக்கொள்கையை முறைப்படுத்திய யோர்தான், கூரன்ட்டின் நூல் உருவானபோது அவருக்கு உதவிய இளைஞர். ஒரே ஊரில், கோட்டிங்கனில், கணிதத் துறையும் இயற்பியல் துறையும் ஒன்றன் வாசலை ஒன்று மிதித்துக்கொண்டிருந்ததால் விளைந்த பயன் இது. அந்தச் சூழலை ஹிட்லரின் ஆட்சி 1933இல் குலைத்தது; கூரன்ட் நாட்டைவிட்டு வெளியேற்றப்பட்டார். நாம் பார்க்கும் ஆங்கிலப் பதிப்பின் முதற்பகுதி 1953இல்தான் வந்தது.

பயன் எப்போதும் இரண்டாண்டில் கிட்டிவிடாது. கோடுகளின் மீதான தொகையீடுகளிலிருந்து ஒரு சார்பை மீட்டெடுக்கலாம் என்று ராடான் 1917இல் நிறுவினார். அதை அறியாமலே கார்மக் 1960களில் அதே கணக்கைத் தாமாகப் போட வேண்டியிருந்தது. 1971இல் ஹவுன்ஸ்ஃபீல்டின் கருவி நோயாளியின் தலைக்குள் பார்த்தது. இவ்விருவருக்கும் 1979இல் நோபல் பரிசு. இன்று மாவட்டத் தலைநகர் மருத்துவமனைகளில் ‘சி.டி. ஸ்கேன்’ என்று நாம் சொல்வது இதைத்தான்.

பயன்பாட்டைப் பேசினால் கணிதத்தின் தூய்மை கெட்டுவிடும் என்று கருதும் ஆசிரியப் பெருமக்கள் சிலர் உண்டு. அவர்கள் ஹார்டியைத் துணைக்கு அழைப்பர். உண்மையான கணிதம் பயனற்றது என்று 1940இல் பெருமையோடு எழுதியவர் அவர். அவர் போற்றிய எண் கோட்பாட்டின் மேல்தான் 1977இல் வெளியான ஆர்.எஸ்.ஏ. மறைகுறி முறை எழுந்தது. தூய்மை கெட்டதாகத் தெரியவில்லை. மறுபுறம், 1807இல் ஃபூரியர் வெப்பப் பரவலைப் பற்றித் தந்த கட்டுரையை லக்ராஞ்சு ஏற்க மறுத்தார். நிறுவல் போதாது என்பது குறை. நூல் 1822இல்தான் வெளிவந்தது. ஆனால் அந்தக் குறையை நிரப்பப் புகுந்தவர்களால்தான் தூய பகுப்பாய்வே செழித்தது. லீ வட்டுச் சோதனையில் வியர்வை சிந்தும் இயற்பியல் நண்பர்கள் இதைக் கேட்டால் மகிழ்வார்கள்.

இன்னொரு மறுப்பு மாணவர்களிடமிருந்து வரும். ‘கைடு போதாதா? இராமானுஜனை உருவாக்கியதே ஒரு கைடுதானே?’ என்பர். உண்மைதான், கும்பகோணம் அரசினர் கல்லூரி நூலகத்திலிருந்து அவர் கைக்கு வந்த காரின் தொகுப்பு, தேர்வுக்கு மாணவர்களைத் தயார் செய்த ஓர் ஆசிரியர் எழுதியதே. ஆனால் அதில் நிறுவல்கள் பெரும்பாலும் இல்லை. இல்லாதவற்றை இராமானுஜன் தாமே போட்டுப் பார்த்தார். நம் கைடுகளில் எல்லாம் போட்டே இருக்கின்றன. நமக்கு வேலை வைக்காத நூல் அது.

அரசுக் கல்லூரியில் இதெல்லாம் நடக்குமா என்பாருக்குச் சென்னை மாநிலக் கல்லூரியை நினைவூட்டுவேன். 1928இல் சாமர்ஃபெல்டு சென்னைக்கு வந்தபோது, அவருடைய அணு அமைப்பு நூலைப் படித்து முடித்திருந்த பதினெட்டு வயது மாணவர் சந்திரசேகர் அவரைத் தேடிச் சென்று பார்த்தார். நூல் பழையதாகிவிட்டது, இயற்பியலே மாறிவிட்டது என்று கூறிய சாமர்ஃபெல்டு, உலோகங்களில் எலெக்ட்ரான்களைப் பற்றிய தம் புதிய கட்டுரையின் அச்சுப்படியை அவரிடம் தந்தார். மறு ஆண்டே அப்புதிய புள்ளியியலைப் பயன்படுத்திய சந்திரசேகரின் கட்டுரை இலண்டன் ராயல் கழகத்தின் ஏட்டில் வந்தது. படித்தவரிடம்தான் ‘நீ படித்தது பழையது’ என்று சொல்ல முடியும். படிக்காதவரிடம் சாமர்ஃபெல்டு என்ன பேசியிருப்பார்?

நம் நூலகத்தில் இத்தகைய நூல்கள் மேற்கோள் அலமாரியில் உள்ளன, வீட்டுக்குத் தரப்படுவதில்லை. நூலகரைக் குறை கூறவில்லை; தொலைந்தால் அவர் பொறுப்பு. மாலை நான்கு மணிக்குப் பெற்று மறுநாள் காலை பத்து மணிக்குத் திருப்பித் தரும் ஏற்பாடாவது செய்யலாகாதா? கைப்பேசியில் எல்லாம் கிடைக்கின்றனவே என்பர். கிடைக்கின்றன, ஆனால் உள்ளங்கை அகலத் திரையில் ஒரு நிறுவலின் முதல் வரியும் கடைசி வரியும் ஒருசேரத் தெரிவதில்லை.

தமிழ்வழியில் பயில்வோரின் நிலை இன்னும் கடினம். தமிழ்நாட்டுப் பாடநூல் நிறுவனம் 1970களில் கல்லூரிப் பாடங்களுக்குத் தமிழ் நூல்கள் வெளியிட்டது. அவற்றுக்கு அடுத்த படியான நூல்களுக்குத் தமிழில் எளிதில் வழி தெரியவில்லை. கூரன்ட்டை முழுமையாக மொழிபெயர்க்கச் சொல்லவில்லை. அது முதற்பக்கத்திலிருந்து வரிசையாகப் படிப்பதற்குரிய நூலும் அன்று. அதிர்வுகள் பற்றிய ஓர் இயலுக்கு இருபது பக்கத்தில் தமிழ் விளக்கம் எழுதினாலே போதும். முதுநிலை மாணவர் இருவர் ஒரு கோடை விடுமுறையில் முடிக்கக்கூடிய வேலை.

கணித மன்றமும் இயற்பியல் மன்றமும் மாதம் ஒரு பிற்பகல் ஒன்றாகக் கூட வேண்டும் என்பது என் வேண்டுகோள். முதற் கூட்டம் கருத்தரங்க அறையில் வேண்டா, ஆய்வகத்திலேயே நடக்கட்டும். இயற்பியல் மாணவர் நூலைக் கட்டி எடையை வைக்கட்டும்; கணித மாணவர் பக்கத்துப் பலகையில் சமன்பாட்டைத் தீர்க்கட்டும்; எண்கள் ஒத்துவராத இடத்தில் நூலின் தடிப்பையும் காற்றின் தடையையும் பற்றி இருவரும் சண்டையிடட்டும். இதற்கு மதிப்பெண் இல்லை. ஆகவே பத்துப் பேருக்கு மேல் வரமாட்டார்கள். மெல்டே கருவிகள் இரண்டு உள்ளன. பத்துப் பேருக்கு அவை போதும்.