பைலாவை நிறுத்தவில்லை, போனைத்தான் நிறுத்தினோம்

சென்ற தவணை தரம் 10 பிள்ளைகளைத் திருகோணமலைக்குச் சுற்றுலா கூட்டிப் போயிருந்தோம். திரும்பி வரும்போது மாத்தளை தாண்டிவிட்டது, அக்குறணை வர இன்னும் கொஞ்சத் தூரம். சாரதி பைலா போட்டிருந்தார். முன் சீட்டில் இருந்த ஆசிரியர்கள் நாங்களும் தாளம் தட்டிக்கொண்டுதான் வந்தோம், மறைக்க என்ன இருக்கிறது. பின் சீட்டில் நாலைந்து பையன்மார் சின்ன ஸ்பீக்கரில் வேறொரு பாட்டைப் போட்டார்கள். ஸ்பானிய மொழி. எங்களில் ஒருவர் எழும்பிப் போய், "இதென்ன விளங்காத கத்தல், நிப்பாட்டுங்க" என்றார். நிறுத்தினார்கள். ஒருவன் மட்டும் மெதுவாகச் சொன்னான்:

"சேர், இதும் பைலாதானே சேர். பேரப் பாருங்க."

போனை நீட்டினான். பாட்டின் பெயர் 'பைலே இனொல்விதாப்லே'. மறக்க முடியாத நடனம் என்று பொருளாம். ஸ்பானிய மொழியில் 'பைலே' என்றால் நடனம். போர்த்துக்கேய மொழியில் 'பைலார்' என்றால் ஆடுவது. எங்கள் பைலாவும் அந்த வேரில் வந்த சொல்தான். பாடம் படிப்பிக்கிற எங்களுக்கு இதைப் பின் சீட்டுப் பையன் சொல்லித் தர வேண்டியிருந்தது.

"லத்தீன் பொப்" என்று அவன் சொன்னதும் எங்கள் மூத்த ஆசிரியர், "லத்தீனா? அது மேல குருமடத்துல ஃபாதர்மார் படிச்ச பாஷையல்லவா?" என்று கேட்டார். அம்பிட்டியக்காரருக்கு அப்படித்தான் தோன்றும். பாப்பரசர் 13ஆம் லியோ 1893இல் இங்கே தொடங்கிய குருமடத்தில், அது 1955இல் பூனாவுக்குப் போகும் வரை, லத்தீனில்தான் படிப்பு நடந்தது. பையன்மார் சிரித்து முடிய மாத்தளை வீதியில் இரண்டு ஊர் போய்விட்டது.

வீடு வந்த பிறகு அந்த அல்பத்தை முழுதாகக் கேட்டோம். 2025 ஜனவரியில் வந்தது. பாடியவர் பேட் பன்னி. (பெயரைக் கேட்டு முகம் சுளிக்க வேண்டாம், 'பன்னி' என்றால் முயல்.) ஊர் புவேர்ட்டோ ரிக்கோ. பரப்பிலும் சனத்தொகையிலும் இலங்கையில் ஏழில் ஒன்றளவான தீவு, 1898 முதல் அமெரிக்காவின் கையில் இருக்கிறது. அல்பத்தின் பெயருக்கு 'இன்னும் நிறையப் படம் எடுத்து வைத்திருக்க வேண்டும்' என்று பொருள். இழந்த ஆட்களையும் இழந்த ஊரையும் நினைத்துச் சொல்லும் பேச்சு. காஸாவில் உள்ளவர்கள் தங்கள் இடிந்த வீடுகளின் பழைய படங்களை அந்தப் பாட்டோடு போட்டதைப் பார்த்தவர்களுக்கு மொழிபெயர்ப்புத் தேவைப்பட்டிருக்காது.

அதிலுள்ள எல்லாப் பாட்டும் பிள்ளைகளுக்குப் பொருந்தும் என்று சொல்ல வரவில்லை. பொருந்தாத பேச்சு நிறைய இருக்கிறது. ஆனால் ஆசிரியர்களாகிய எங்களை உறுத்தியது வேறு. உலகமே கேட்கிற பாடகர், அந்தப் 'பைலே' பாட்டுக்கு வாத்தியம் வாசிக்கத் தன் ஊர் இசைப் பாடசாலைப் பிள்ளைகளைக் கூப்பிட்டிருக்கிறார். யூடியூபில் ஒவ்வொரு பாட்டோடும் தங்கள் தீவின் வரலாற்றை எழுத்தாக ஓடவிட்டிருக்கிறார். எழுதிக் கொடுத்தவர் ஹொரெல் மெலெந்தெஸ்-பதியோ என்ற வரலாற்றுப் பேராசிரியர். அங்கே தெருவில் பாடும் 'பிளேனா' என்ற பழைய பாட்டு முறையையும் சேர்த்திருக்கிறார். பிளேனாவின் முழு உயிரும் கையில் பிடித்து அடிக்கும் தோல் வட்டம். எங்கள் பக்கீர்மார் பைத் பாட அடிக்கிற றபானின் உறவுக்காரன் போலவே இருக்கிறது.

இனி எங்கள் பக்கம். பைலா இங்கே போர்த்துக்கேயரோடு வந்தது. அவர்கள் 1626இல் கரையோர முஸ்லிம்களைத் துரத்தியபோது கண்டி அரசன் செனரத் இடம் கொடுத்த கதையைத் தரம் 8 பிள்ளையும் சொல்லும். துரத்தியவர்கள் போய்விட்டார்கள், மெட்டு நின்றுவிட்டது. அதைக் காத்து வைத்தவர்களில் முக்கியமானவர்கள் ஆபிரிக்காவிலிருந்து கொண்டுவரப்பட்ட காப்பிரிகள். அந்தப் பெயரே அரபியின் 'காபிர்'தான். அரபு வணிகர்கள் சொன்னதைப் போர்த்துக்கேயர் பிடித்துக்கொண்டார்கள். அவர்களின் பரம்பரை இன்றும் புத்தளம் சிரம்பியடியில் இருக்கிறது, 'மஞ்சா' பாடுகிறது. எங்கள் சொல் ஒன்று அந்த மக்களின் மேல் ஒட்டிக்கொண்டிருப்பதை நாங்கள் ஒரு வகுப்பிலும் பேசியதில்லை.

அந்த மெட்டைச் சிங்களத்துக்குக் கொண்டுவந்தவர் பொலிஸில் வேலை பார்த்த வாலி பஸ்தியன். தமிழில் ஏ.ஈ. மனோகரனை எல்லாருக்கும் தெரியும். நாங்கள் இங்கே சொல்ல விரும்புவது நித்தி கனகரத்தினத்தைப் பற்றி. யாழ்ப்பாணத்துக்காரர், விவசாயம் படித்தவர், தானே எழுதித் தானே மெட்டமைத்துத் தானே பாடினார். அவருடைய 'கள்ளுக்கடைப் பக்கம் போகாதே' எதைச் சொல்கிறது என்பது தலைப்பிலேயே இருக்கிறது. குடிக்காதே என்ற புத்தி. ஜும்ஆ மேடையில் சொல்வதை அவர் ஆடவைத்துச் சொன்னார். அந்தப் பாட்டை இந்த நாட்டில் அதிகம் பாடுபவர்கள் யார்? போத்தலைக் கையில் வைத்திருப்பவர்கள்தான். கலியாண வீட்டில், கிரிக்கட் மைதானத்தில், அதைக் கேட்டதும் நாங்கள் "குடிகாரன் பாட்டு" என்று பிள்ளையை உள்ளே இழுக்கிறோம். சொல்லைக் கேட்காமல் சத்தத்தை மட்டும் கேட்டதன் பலன் அது. பஸ்ஸில் நாங்கள் செய்ததும் அதுதான், மறுபக்கமாக. பழகிய சத்தத்துக்குத் தாளம் தட்டினோம், பழகாத சத்தத்தை நிறுத்தினோம். இரண்டிலும் சொல்லைக் கேட்கவில்லை.

இசை கூடுமா கூடாதா என்ற வாதத்தை இங்கே எடுக்க வேண்டாம் என்று அன்பாகக் கேட்டுக்கொள்கிறோம். அது ஆலிம்களின் வேலை. நாங்கள் கேட்பது சின்ன விஷயம். வாத்தியம் வேண்டாம் என்று நினைக்கும் பெற்றோர் இருந்தால் கைதட்டும் றபானும் போதும். தமிழ் மொழித் தினப் போட்டிக்குப் பிள்ளை மனனம் செய்து ஒப்புவிப்பதோடு, தன் ஊரைப் பற்றித் தானே நாலு வரி எழுதி இந்தத் தாளத்தில் பாடட்டும். நித்தி செய்தது அது. புவேர்ட்டோ ரிக்கோக்காரர் செய்ததும் அது. எங்கள் பிள்ளைகள் கேட்கிற பாட்டெல்லாம் வேறு யாரோ தங்கள் ஊரைப் பற்றி எழுதியது. அம்பிட்டியவைப் பற்றி எழுத அவர்கள் வரப் போவதில்லை.

அதிபரிடம் பேசினோம். "பரீட்சை முடியட்டும், தமிழ்ப் பாடவேளையில் ஒரு கிழமை செய்து பாருங்கள்" என்றார். அந்தப் பின் சீட்டுப் பையனிடம் அன்றைக்கு நிறுத்தச் சொன்னது பிழை என்று ஒத்துக்கொண்டோம். அவன் தலையைச் சொறிந்துகொண்டு நின்றான். இரண்டு நாள் கழித்துக் கொப்பி ஒன்றைக் கொண்டுவந்தான். காலையில் தலாத்துஓயா பஸ் நிற்பாட்டாமல் போவதைப் பற்றி ஆறு வரி. மூன்றாவது வரியில் தாளம் இடிக்கிறது, கொண்டக்டரைப் பற்றிய ஒரு சொல்லையும் மாற்றச் சொல்லியிருக்கிறோம். மூத்தப்பாவின் றபானை வீட்டிலிருந்து எடுத்து வருவதாக இன்னொருவன் சொல்லியிருக்கிறான். தோல் கொஞ்சம் தளர்ந்திருக்கிறதாம், வெயிலில் வைத்தால் சரியாகிவிடும்.