பாதாளத்தின் வாயிலை அடைக்காதீர்

அண்மையில் பெற்றோர் கூட்டம் ஒன்றில் அமர்ந்திருந்தோம். பிள்ளைகளின் விடுமுறைப் பொழுதைப் பற்றிப் பேச்சு எழுந்தது. தந்தை ஒருவர் எழுந்து, தம் மகன் கணிப்பொறியில் நரகத்திற்கு வாயில் கட்டி, அதற்குத் தீ மூட்டி, உள்ளே இறங்கித் தோண்டிக் கொண்டிருக்கிறான் என்று கலக்கத்தோடு கூறினார். ஒரு நொடி அவை மௌனமாயிற்று. பின்னர், அந்த விளையாட்டை வீடுகளிலிருந்தே விலக்க வேண்டும் என்ற குரல் நான்கு புறமிருந்தும் எழுந்தது. குரல் எழுப்பியோருள் எத்தனை பேர் அந்த வாயிலுக்குள் ஒரு முறையேனும் எட்டிப் பார்த்திருப்பர்? நாம் பார்க்க விரும்பினோம். அத்தந்தையின் இல்லத்திற்கே சென்று, அவர் மகனருகில் இரண்டு மாலைப் பொழுதுகள் அமர்ந்தோம். அமர்ந்து எழுந்தபின், தடை கோரும் குரலோடு நம் குரலைச் சேர்க்க மனம் ஒப்பவில்லை.

விளையாட்டின் பெயர் மைன்கிராஃப்ட். சுவீடன் நாட்டவரான மார்க்குஸ் பெர்சன் உருவாக்கி 2009 மே திங்களில் முதன்முதலாக வெளியிட்டது. முழு வடிவம் பெற்றது 2011 நவம்பரில். 2014இல் மைக்ரோசாஃப்ட் நிறுவனம் அதனை வாங்கியது. 2023ஆம் ஆண்டுக்குள் 30 கோடிப் படிகளுக்கு மேல் விற்பனையாகியுள்ளது. கனசதுரக் கற்களால் ஆன உலகம் அது. இன்னதைச் செய் என்று எவரும் பணிப்பதில்லை. மண்ணைத் தோண்டலாம், மரத்தை வெட்டலாம், வீடு கட்டலாம், கடலைக் கடக்கலாம். அந்த உலகிற்கு அடியாழம் போல் அமைந்த மற்றோர் உலகம், 2010 அக்டோபர் 30 அன்று வந்த பதிப்பில் சேர்க்கப்பட்டது. அதற்கு ‘நெதர்’ என்று பெயர்.

விளையாட்டின் நிரலுக்குள் அந்நிலப்பரப்பு பல ஆண்டுகள் ‘நரகம்’ என்றே குறிக்கப்பட்டிருந்தது உண்மையே. பெயரைக் கண்டு அஞ்சுவோர் ஒன்றைச் சிந்திக்க வேண்டும். நாம் கற்ற மறைக்கல்வியின்படி நரகத்திலிருந்து மீள வழியில்லை. நெதரிலிருந்தோ, தன் கையால் கட்டிய வாயில் வழியே சிறுவன் உணவு வேளைக்குத் திரும்பி வந்துவிடுகிறான். திரும்பி வரக்கூடிய இடம் எத்துணை நெருப்பாய் எரிந்தாலும் நரகம் ஆகாது. அதற்குப் பொருத்தமான பெயர் சுரங்கம்.

அந்தச் சுரங்கத்தின் சட்டங்களைக் கேளுங்கள். வாயிலை விலைக்கு வாங்க முடியாது. தண்ணீரும் லாவா என்னும் எரிகுழம்பும் சந்திக்குமிடத்தில் பிறக்கும் அப்சிடியன் என்ற கருங்கண்ணாடிக் கல் பத்தேனும் சேர்த்து, நான்கு கல் அகலமும் ஐந்து கல் உயரமுமாகச் சட்டம் எழுப்பி, சக்கிமுக்கியால் தீ மூட்ட வேண்டும். உள்ளே ஓரடி வைப்பது வெளியுலகில் எட்டடி வைப்பதற்குச் சமம். ஆகவே வழி தவறினால் எட்டு மடங்கு தவறும். திசைகாட்டி திசை தெரியாமல் சுழலும், கடிகாரமும் அவ்வாறே. தண்ணீரை ஊற்றினால் ஆவியாகிப் போகும். எரிகுழம்பு மேலுலகைக் காட்டிலும் விரைந்தும் தொலைவாகவும் பாயும். காஸ்ட் என்னும் வெண்ணிறப் பேருருக்கள் குழந்தையழுகை போன்ற ஒலியெழுப்பியபடி மிதந்து வந்து நெருப்புருண்டைகளை உமிழும்.

“களைப்பாயிருந்தால் இங்கேயே படுத்துக்கொள்ளலாமே, தம்பி” என்றோம். சிறுவன் நம்மை இரக்கத்தோடு நோக்கினான். “இங்க கட்டில்ல படுத்தா வெடிச்சிடும், ஐயா” என்றான்.

ஆம், அங்கே கட்டில் வெடிக்கும். அதன் வெடிப்பு வெடிமருந்தைக் காட்டிலும் வலிது. கைதேர்ந்தவர்கள் அதனையே கருவியாக்கிக் கொள்கின்றனர். நெதரின் அரும்பொருள் ‘பண்டைய சிதைவு’ எனப்படும் கனிமம். பொதுவாக அது திறந்த வெளியில் கண்ணிற் படுவதில்லை. கீழ்மட்டத்தில், பாறைக்குள் புதைந்திருக்கும். மற்றப் பாறை வெடியில் சிதறினாலும் அது சிதறாது. எனவே சுரங்கம் நெடுகக் கட்டில்களை வெடிக்கச் செய்து தேடுகின்றனர். அவ்வாறு கிடைத்ததை உருக்கி, நான்கு துண்டுகளோடு நான்கு தங்கக் கட்டிகளைச் சேர்த்தால் நெதரைட் கட்டி ஒன்று பிறக்கிறது.

ஓய்வுக்குரிய கட்டிலை வெடிமருந்தாக்குவதா என்று முகம் சுளிக்கும் பெற்றோரே, சற்றுப் பொறுங்கள். விடியற்காலை நான்கு மணிக்குப் பிள்ளையை எழுப்பித் தனிப்பயிற்சிக்கு அனுப்புவது யார்? அவனது உறக்கத்தை வெடித்து அதிலிருந்து மதிப்பெண்ணைத் தோண்டியெடுப்பது யார்? தன் பாதாளத்தில் கட்டில் வெடிக்கும் என்பதை விளையாட்டு ஒளிக்கவில்லை. நம் இல்லங்களில் அது ஓசையின்றி வெடிக்கிறது; அவ்வளவே வேறுபாடு.

மற்றொரு சட்டமும் உண்டு. பன்றி முகம் கொண்ட பிக்ளின் என்னும் குடிகள் அங்கே வாழ்கின்றனர். அவர்களை 2020ஆம் ஆண்டுப் பதிப்பு கொண்டுவந்தது. தங்கத்தின் மீது பெருங்காதல் உடையோர். தங்கக் கவசம் ஒன்றேனும் அணிந்து சென்றால் நம்மைத் தாக்காமல் விடுவர். தங்கக் கட்டியைக் கொடுத்தால் தம்மிடமுள்ள பொருளை மாற்றாகத் தருவர். ஆனால் அவர்கள் பார்த்திருக்கத் தங்கத்தைத் தோண்டினாலோ பெட்டியைத் திறந்தாலோ, நாம் அணிந்திருக்கும் கவசம் நம்மைக் காவாது. மண்ணுக்கு அடியில் இருப்பதற்கு உரிமையாளர் உண்டு. கேளாமல் எடுப்பவன் பகைவன் ஆவான். மலைகளையும் ஆற்று மணலையும் எவரையும் கேளாமல் அள்ளிச் செல்லும் ஒரு தலைமுறைக்கு, இந்தப் பாடத்தைப் பன்றி முகத்தவரா கற்பிக்க வேண்டும்?

இனி, நாம் கண்ட நிகழ்ச்சிக்கு வருவோம். இரண்டாம் மாலையில் சிறுவன் தன் வைரக் கோடரியும் கவசமும், மூன்று நாள் உழைத்துச் சேர்த்த நான்கு துண்டுகளும் உடன் கொண்டு குறுகிய சுரங்கவழி ஒன்றில் தோண்டிச் சென்றான். தலைக்கு மேலிருந்த கல்லொன்றை உடைத்தான். எரிகுழம்பு கொட்டியது. திரை சிவந்தது, அவன் இறந்தான். இறந்தவன் தன் வீட்டுக் கட்டிலருகே மீண்டும் உயிர்பெற்றான், ஆனால் வெறுங்கையனாய். அந்நெருப்பில் விழும் கோடரியும் கவசமும் எரிந்து போகும்.

அருகிலிருந்த அண்ணன் உடனே முன்வந்தான். “இறந்தாலும் பொருள் போகாதபடி மாற்றி வைக்கலாம்டா. ஒரு வரி எழுதினால் போதும்” என்றான். அத்தகைய ஏற்பாடு விளையாட்டிலேயே உண்டு. பாறையை ஊடுருவிப் புதையலைக் காட்டித் தரும் திருட்டு நிரல்களும் உலவுகின்றன. சிறுவன் சற்று நேரம் திரையைப் பார்த்தபடி இருந்தான். அழவில்லை. “வேண்டாம். அப்புறம் அங்க போறதுல என்ன இருக்கு?” என்றான். பின்னர் மரத்தை வெட்டி, மரக் கோடரி ஒன்று செய்து, முதலிலிருந்து தொடங்கினான். இனிக் கிடைப்பதைக் கையிலேயே சுமந்து திரியாமல் அவ்வப்போது வீட்டுப் பெட்டியில் வைத்துவிட்டுத்தான் இறங்கப் போவதாகவும் கூறினான். தந்தை வாயிற்படியில் நின்று இதனைக் கேட்டுக் கொண்டிருந்தார். ஒன்றும் பேசவில்லை, உள்ளே வந்து மகனருகில் அமர்ந்தார்.

நம் வழக்கு இருதரப்பாரோடும் ஆனது. நெருப்பைக் கண்டு வாயிலை அடைக்க எழுவோர் ஒருபுறம். நெருப்பிலிருந்து சுடும் தன்மையை நீக்கித் தர முனையும் அன்பர்கள் மறுபுறம். இருவரும் ஒரே பிழையைச் செய்கின்றனர். பிள்ளை எதையும் இழந்துவிடக் கூடாது என்பதே இருவர் எண்ணமும். இழக்கக் கற்காத பிள்ளை, முதன்முறை தேர்வில் தோற்கும் நாளன்று எந்த மரத்தை வெட்டி எந்தக் கோடரியைச் செய்வான்? மிக இளைய குழந்தைக்குப் பொருளிழப்பைத் தவிர்ப்பதில் தவறில்லை. ஆனால் பன்னிரண்டு வயதினனை என்றும் குழந்தையாகவே வைத்திருப்பது அன்பன்று.

மறுப்பு ஒன்று எழும். விளையாட்டில் இறந்தவன் எழுகிறான். மெய்யான சுரங்கத்தில் எழுவதில்லையே, இது பிள்ளையை அலட்சியக்காரன் ஆக்காதா? தக்க கேள்வி. விடை நம் கடமையில் இருக்கிறது. மூன்று கிலோமீட்டருக்கும் கீழே இறங்கிய கோலார் தங்கவயலின் சுரங்கங்களில் பெரும்பாலும் உழைத்தவர்கள் நம் தமிழ்த் தொழிலாளர்களே. அங்கே பாறைவெடிப்பு என்ற பேரிடர் உண்டு. கல்தூசி நுரையீரலை அரிக்கும் நோய் உண்டு. 2001 பிப்ரவரி 28 அன்று அச்சுரங்கங்கள் மூடப்பட்டன. மாண்டவர் எவரும் கட்டிலருகே மீண்டும் எழவில்லை. இதனை நேற்று வரை அந்தச் சிறுவனிடம் சொல்லியிருந்தால் பாடநூலின் ஒரு பத்தியாகக் கேட்டிருப்பான். தலைமேல் கல்லை உடைத்து எரிகுழம்பில் விழுந்த அன்று மாலை சொன்னபோது, கண் இமையாமல் கேட்டான். “அவங்களுக்குத் திரும்பி வர்ற வழி எங்க இருந்துச்சு, ஐயா?” என்று வினவினான்.

அந்த வினாவை எழுப்பும் மனத்தை எந்தத் தடையும் உருவாக்காது. பொழுதுக்கு வரம்பு வையுங்கள். படிப்பும் உறக்கமும் குன்றாமல் காத்துக் கொள்ளுங்கள். அதன்பின், பாதாளத்திற்கு இறங்கும் பிள்ளையின் அருகில் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டு அமருங்கள். அவன் கட்டிய வாயில் திரும்பி வருவதற்கும் உரியது. திரும்பி வருகையில், கண்டதைச் சொல்ல அவனுக்கு ஒருவர் வேண்டும். அந்த ஒருவர் நாமாக இருப்போம்.