வீட்டுக் கடனின் மெய் விலை

சொந்த வீடு என்பது நமது ஜனங்களுக்குச் செங்கல்லும் சிமெண்டும் மட்டுமன்று. குடும்பத்தின் கௌரவமும், முதுமைக்குப் பாதுகாப்பும், பிள்ளைகளுக்கு விட்டுச் செல்லும் ஆஸ்தியும் அதுவே. தென்னாற்காட்டிலிருந்து 1993-ஆம் வருஷம் பிரிந்து தனி ஜில்லாவான விழுப்புரத்தில், கெடார் முதலிய கிராமங்களிலும் திண்டிவனத்தைச் சுற்றியுள்ள ஊர்களிலும், ஓலைக் கூரைகள் மறைந்து தளம் போட்ட வீடுகள் எழும்பி வருவதைக் கண்டு மகிழாதார் யார்? ஆனால் அவ்வீடுகளில் பல கடனின் மீது நிற்கின்றன. கடன் வாங்கச் செல்லும் குடியானவர் கேட்கும் முதற்கேள்வி, "மாதம் எவ்வளவு கட்டவேண்டும்?" என்பது. அதுவே அவருடைய கடைசிக் கேள்வியாகவும் முடிந்துவிடுகிறது. "முடிவில் மொத்தம் எவ்வளவு கட்டியிருப்பேன்?" என்று கேட்போர் மிகச் சிலர். இவ்விரு கேள்விகளுக்கும் இடையே உள்ள தூரம் எவ்வளவு என்பதை நமது வாசகர்கள் ஊன்றிக் கவனிக்க வேண்டுமென விரும்புகிறோம்.

கணக்கு கடினமானதன்று. பத்து லக்ஷம் ரூபாய் கடன். வட்டி வருஷத்துக்கு 9 சதவிகிதம். கெடு 20 வருஷம் என்று வைத்துக்கொள்வோம். இ.எம்.ஐ. என்று எல்லோரும் வழங்கும் மாதத் தவணை 8,997 ரூபாய் ஆகும். ஒன்பதாயிரம் என்றால் சமாளித்துவிடலாம் என்று குடும்பத்தார் தைரியம் கொள்கின்றனர். ஆனால் 240 தவணைகளையும் கூட்டிப் பார்த்தால் 21,59,000 ரூபாய்க்குமேல் வருகிறது. வாங்கியது பத்து லக்ஷம். வட்டி மட்டும் பதினொன்றரை லக்ஷத்துக்கு அதிகம். வட்டி 13 சதவிகிதமாயின், அதே கடனுக்குத் தவணை 11,716 ரூபாயாகும். மொத்தம் கட்டுவது 28 லக்ஷத்தைத் தாண்டும். மாதச் சம்பளச் சீட்டும் வருமான வரிக் கணக்கும் காட்ட இயலாத கிராமவாசிகளுக்குப் பெரிய பாங்குகளின் கதவு எளிதில் திறப்பதில்லை. அவர்கள் நாடிச் செல்லும் கம்பெனிகளில் வட்டி வீதம் உயர்ந்தே இருக்கிறது. ஆகவே ஏழையின் வீடு செல்வனுடைய வீட்டைவிடச் சிறியது. ஆனால் ரூபாய்க்கு ரூபாய் பார்த்தால், அதற்கு அவன் கொடுக்கும் விலை அதிகம்.

தவணைப் பணம் எங்கே போகிறது என்பதையும் பார்க்க வேண்டும். மேற்சொன்ன 9 சதவிகிதக் கடனில் முதல் மாதம் கட்டும் 8,997 ரூபாயில் 7,500 ரூபாய் வட்டிக்கே போய்விடுகிறது. அசலில் கழிவது 1,497 ரூபாய்தான். ஐந்து வருஷம் தவறாமல் கட்டியவர் ஏறக்குறைய 5,40,000 ரூபாய் செலுத்தியிருப்பார். அசலில் குறைந்திருப்பதோ 1,13,000 மட்டுமே. பத்து வருஷம் கட்டியவர் 10,79,000 ரூபாய்க்குமேல், அதாவது வாங்கிய முதலுக்கு அதிகமாகவே, செலுத்திவிட்டார். ஆயினும் அவர் பேரில் இன்னும் 7,10,000 ரூபாய் பாக்கி நிற்கிறது. இதில் சூழ்ச்சி ஏதுமில்லை. நிற்கும் பாக்கிக்கு வட்டி. பாக்கி பெரிதாயிருக்கும் ஆரம்ப வருஷங்களில் வட்டியும் பெரிது. சூழ்ச்சி இல்லாததனாலேயே இதைக் கற்றுக்கொள்வதும் எளிது. கற்பிக்காமலிருப்பதற்குச் சமாதானமும் இல்லை.

கெடுவை நீட்டினால் தவணை குறையும் என்று சொல்லிக் கடன் கொடுப்போர் தூண்டுகின்றனர். மேற்படி கடனை 20 வருஷத்துக்குப் பதில் 15 வருஷத்தில் தீர்ப்பதாயிருந்தால் தவணை 10,143 ரூபாயாகும். மாதம் 1,146 ரூபாய்தான் கூடுதல். ஆனால் மொத்தத்தில் மிச்சமாவது 3,33,000 ரூபாய்க்குமேல். இதைப்போலவே, கடனோடு சேர்த்து விற்கப்படும் இன்ஷியூரன்ஸ் பிரீமியம் முப்பதினாயிரம் ரூபாயை அசலிலேயே ஏற்றிவிட்டால், இருபது வருஷத்தில் அது ஏறக்குறைய 64,800 ரூபாயாக வளர்ந்து நிற்கும். கையெழுத்திடும் நாளில் இவை அற்பமாகத் தோன்றும். குடும்பத்தின் தலையில் அவை இறங்குவது பின்னாளில்.

இதுவரை கூறியது வட்டி மாறாதிருந்தால் வரும் கணக்கு. வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்கள். 2019 அக்டோபர் 1 முதல் பாங்குகள் புதிதாகக் கொடுக்கும் இத்தகைய கடன்களை ரிபோ போன்ற ஒரு வெளி அளவுகோலோடு பிணைக்க வேண்டுமென்று ரிஸர்வ் பாங்க் விதித்தது. ரிபோ என்பது ரிஸர்வ் பாங்க் மற்றப் பாங்குகளுக்குக் கொடுக்கும் குறுகிய காலக் கடனுக்குரிய வீதம். 2022 மே மாத ஆரம்பத்தில் அது 4 சதவிகிதமாயிருந்தது; 2023 பிப்ரவரிக்குள் ஆறு முறை உயர்த்தப்பட்டு 6.50 சதவிகிதமாயிற்று. பம்பாயில் கூடும் கமிட்டியின் தீர்மானம் பத்து மாதத்துக்குள் கெடாரில் உள்ள வீட்டின் விலையை எவ்விதம் மாற்றியது என்று பாருங்கள். 2022 தொடக்கத்தில் ஒருவர் பத்து லக்ஷத்தை 6.5 சதவிகிதத்தில் 20 வருஷத்துக்கு வாங்கியிருந்தால் அவருடைய தவணை 7,456 ரூபாய். ஒரு வருஷம் கட்டியபின் வட்டி 9 சதவிகிதமாகிறது. அப்போது நிற்கும் பாக்கிக்கு வட்டி மட்டும் மாதம் 7,311 ரூபாய். தவணை மாறாதிருந்தால் அசலில் கழிவது 145 ரூபாய்! அந்த வேகத்தில் தொடங்கினால் கடன் தீர இன்னும் ஏறக்குறைய 44 வருஷம் ஆகும். கடன் வாங்கியவர் காலத்தில் தீராமல் அவர் மகன் காலத்துக்கும் போகும்.

இப்படித் தவணையை மாற்றாமல் கெடுவை மட்டும் சத்தமின்றி நீட்டுவது பற்றி எழுந்த முறையீடுகளின் பயனாக, 2023 ஆகஸ்டு 18-ஆம் தேதி ரிஸர்வ் பாங்க் ஓர் உத்தரவு பிறப்பித்தது. வட்டி மாறும்போது தவணையும் கெடுவும் எவ்வளவு மாறும் என்பதைக் கடன் வாங்கியவருக்கு முன்கூட்டியே விளக்க வேண்டும். தவணையைக் கூட்டுவதா, கெடுவை நீட்டுவதா, இரண்டும் செய்வதா என்பதை அவரே தீர்மானிக்க இடங்கொடுக்க வேண்டும். மாதந்தோறும் சேரும் வட்டிக்கே தவணை போதாமல் கடன் வளரும்படி கெடுவை நீட்டலாகாது. மூன்று மாதத்துக்கொருமுறை அசலில் கழிந்தது எவ்வளவு, வட்டிக்குப் போனது எவ்வளவு, எத்தனை தவணை பாக்கி என்ற கணக்கைக் கொடுக்க வேண்டும் என்பன அதன் சாரம். 2025-இல் பிப்ரவரி, ஏப்ரல், ஜூன் மாதங்களில் ரிபோ வீதம் குறைக்கப்பட்டபோது, தம் கடனின் கெடு எவ்வளவு சுருங்கியது என்று கணக்குக் கேட்டு வாங்கியவர் எத்தனை பேர்? உரிமை ஏட்டில் இருந்தால் போதாது. கேட்பவன் இருந்தால்தான் அது உரிமை.

நமது மாகாணத்தின் பழைய சரித்திரத்தை இங்கே நினைவூட்ட விரும்புகிறோம். பொருளாதார மந்தத்தால் விளைபொருள் விலை வீழ்ந்து, விவசாயிகள் கடனில் மூழ்கியிருந்த காலத்தில், ஸ்ரீ ராஜகோபாலாச்சாரியார் தலைமையில் நடந்த காங்கிரஸ் மந்திரி சபை 1938-இல் சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டத்தைக் கொண்டுவந்தது. 1932 அக்டோபர் 1-க்கு முன் ஏற்பட்ட கடன்களில், 1937 அக்டோபர் 1-இல் நின்ற வட்டிப் பாக்கியை அச்சட்டம் ரத்து செய்தது. வாங்கிய முதலைப்போல் இருமடங்கு செலுத்தியிருந்தால் கடன் முழுதும் தீர்ந்ததாகவே கொண்டது. அச்சட்டம் இன்றைய பாங்குக் கடனுக்குப் பொருந்துவதன்று; லேவாதேவிக்காரரின் கந்துவட்டியும் பாங்கின் வட்டியும் ஒன்றல்ல. ஆயினும் முதலுக்கு இருமடங்கு என்பது அக்காலத்துப் பொதுமனம் வகுத்த ஓர் எல்லை. நாம் எடுத்துக்கொண்ட 9 சதவிகிதக் கடன் பதினெட்டரை வருஷத்தில் அவ்வெல்லையைக் கடந்துவிடுகிறது. அதற்குப் பிறகும் பதினெட்டு மாதத் தவணை நிற்கிறது என்பது சிந்திக்கத்தக்கது.

கோர்ட்டுக்குப் போய் இந்த வட்டி அதிகம் என்று வாதாடலாமா? அந்த வழியும் ஏறக்குறைய அடைக்கப்பட்டிருக்கிறது. பாங்கு வசூலிக்கும் வட்டி மிகையானது என்ற காரணத்துக்காக நீதிமன்றம் கணக்கை மறுபடி திறக்கலாகாது என்று பாங்கிங் ஒழுங்குமுறைச் சட்டத்தில் 21ஏ என்ற பிரிவு 1984-இல் சேர்க்கப்பட்டது. 90 நாளுக்குமேல் தவணை நின்றால் கடன் வாராக்கடன் ஆகிறது. 2002-ஆம் வருஷத்துச் சர்பாசி சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் கொடுத்து, கோர்ட்டில் வழக்குத் தொடராமலே ஈடு வைத்த சொத்தைக் கைப்பற்றும் நடவடிக்கை எடுக்கலாம். விவசாய நிலத்துக்கு அச்சட்டம் விலக்களித்திருக்கிறது. குடியிருக்கும் வீட்டுக்கு விலக்கில்லை. நெல்லும் கரும்பும் மணிலாவும் பயிரிடும் குடியானவருக்கு அறுவடையில்தான் கையில் பணம், தவணையோ மாதந்தோறும். மழை பொய்த்த ஒரு பருவம், பயிர் மூழ்கிய ஒரு புயல், இவற்றுள் ஒன்று போதும் மூன்று தவணை தவறுவதற்கு. ஆகவே கையெழுத்திட்ட பிறகு கிடைக்கும் பாதுகாப்பு சொற்பம். பாதுகாப்பு முழுவதும் கையெழுத்துக்கு முன்னால் உள்ள அறிவில்தான் இருக்கிறது.

"வாடகை கொடுத்தால் ஒன்றும் மிஞ்சாது, வட்டி கொடுத்தால் வீடாவது மிஞ்சும், இருபது வருஷத்துக்குப் பின் ரூபாயின் மதிப்பும் குறைந்திருக்கும்" என்று சிலர் சொல்லக்கூடும். அதில் நியாயம் உண்டு. பட்டணத்தில் வாடகைக்கு இருப்பவருக்கு அவ்வாதம் பெரிதும் பொருந்தும். கடனே வேண்டாமென்பது நமது அபிப்பிராயமன்று. வீட்டுக் கடன் இல்லாவிடில் உழைத்துப் பிழைக்கும் லக்ஷக்கணக்கானோருக்குச் சொந்த வீடு கனவாகவே இருந்திருக்கும். ஆனால் கெடாரில் வீடு கட்டுவோரில் பலர் பூர்வீக மனையில் ஏற்கெனவே குடியிருப்பவர்கள். அவர்களுக்கு மிச்சப்பட வாடகையுமில்லை. பட்டண மனையைப்போல் விலை ஏறுமென்ற நிச்சயமுமில்லை. ஈடாக வைப்பதோ தகப்பன் பாட்டன் வழி வந்த மனை. அவர்கள் பட்டணத்தார் கணக்கைக் கடன் வாங்காமல், தங்கள் கணக்கைத் தாங்களே போட்டுப் பார்க்க வேண்டும்.

கணக்குப் போட இப்போது ஒரு கருவியும் கிடைத்திருக்கிறது. கடன் கொடுப்போர் மெய்யான வருஷ வீதத்தைச் சொல்லியாக வேண்டுமென்று அமெரிக்கா 1968-இலேயே சட்டம் செய்தது. நம் நாட்டிலும், 2024 அக்டோபர் 1 முதல், தனிநபர்களுக்குக் கொடுக்கும் புதிய தவணைக் கடன்கள் எல்லாவற்றிலும் முக்கிய விவரப் பத்திரம் ஒன்று கொடுக்கப்பட வேண்டுமென்று ரிஸர்வ் பாங்க் விதித்திருக்கிறது. வட்டியோடு கட்டணங்களும் இன்ஷியூரன்ஸ் போன்ற செலவுகளும் சேர்ந்த மொத்த வருஷ வீதமும், தவணைவாரியாக அசலும் வட்டியும் காட்டும் அட்டவணையும் அதில் இருக்க வேண்டும். கடன் வாங்குபவருக்குப் புரியும் பாஷையில் அது எழுதப்பட்டு, விளக்கப்படவும் வேண்டும். நீண்ட காலக் கடனாயின் குறைந்தது மூன்று வேலை நாள் அதை வைத்துக்கொண்டு யோசிக்க அவகாசம் உண்டு. அதில் சொல்லாத கட்டணத்தை அவருடைய வெளிப்படையான சம்மதமின்றி வசூலிக்கலாகாது. புரியும் பாஷை என்றால் கெடாரில் அது தமிழன்றி வேறென்ன? ஆங்கிலத்தில் அச்சிட்ட காகிதக் கட்டில் பெருக்கல் குறியிட்ட இடத்திலெல்லாம் கையெழுத்து வாங்குவது விளக்கம் ஆகாது.

தேசத் தொண்டில் ஈடுபட்டிருக்கும் வாலிபர்களுக்கு இங்கே வேலை இருக்கிறது. ஜனவரி 26, ஆகஸ்டு 15, அக்டோபர் 2 ஆகிய தினங்களில் கிராம சபை கூடுகிறது. தெரு விளக்கும் குடிநீரும் பேசிய பின் அரை மணி நேரம் இதற்கும் ஒதுக்கலாம். எட்டாவது வகுப்புப் படித்த பையன் போடக்கூடிய கணக்கு இது: தவணையை மாதங்களால் பெருக்கி, வாங்கிய தொகையைக் கழித்துப் பார். தமிழில் விவரப் பத்திரம் கொடுக்காத இடத்தில் கையெழுத்திடாதே. அறுவடைப் பணத்தில் ஒரு பங்கை அசலில் கட்டு. மாறும் வட்டிக்குத் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனை முன்னதாகத் தீர்ப்பவரிடம் பாங்குகள் அபராதம் வாங்கலாகாது என்று 2012-இலேயே உத்தரவாகியிருக்கிறது. மேற்சொன்ன 9 சதவிகிதக் கடனில் வருஷத்துக்கு ஒரு தவணை அதிகமாகக் கட்டினால் கடன் ஏறக்குறைய மூன்றரை வருஷம் முன்னதாகத் தீரும். தீர்த்தபின் மூலப் பத்திரங்களை 30 நாளுக்குள் கேட்டு வாங்கு. கடன் கொடுத்தவர் தவறினால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் வீதம் ஈடு செய்ய வேண்டுமென்பது 2023 டிசம்பர் முதல் அமலிலுள்ள விதி.

கடன் கொடுக்கும் ஸ்தாபனங்களிடமும், அவற்றைக் கண்காணிக்கும் ரிஸர்வ் பாங்கிடமும் நாம் கேட்பது சலுகையன்று. விளம்பரத்தில் மாதத் தவணையை எந்த அளவு எழுத்தில் அச்சிடுகிறார்களோ, அதே அளவு எழுத்தில், அதன் பக்கத்திலேயே, முடிவில் கட்டும் மொத்தத் தொகையையும் தமிழில் அச்சிட வேண்டும் என்பதே நமது கோரிக்கை. மெய்யைச் சொன்னால் கடன் வாங்குவோர் குறைந்துவிடுவார்கள் என்று அஞ்சும் வியாபாரம் இருக்குமானால், அது குறைவதில் தேசத்துக்கு நஷ்டமில்லை.