பாண்டுக்காரருக்கும் ஓர் இலை

மாப்பிள்ளை அழைப்புக்குப் பாண்டு முழங்கினால், அடுப்பில் பால் இருப்பதையும் மறந்து வாசலுக்கு ஓடுகிறோமே! அந்தப் பாண்டின் பூர்வோத்தரம் தெரியுமா, சகோதரிகளே?

வெள்ளைக்காரப் பட்டாளத்தோடு வந்தது அது. இளமையில் மணலியில் வசித்த முத்துஸ்வாமி தீக்ஷிதர், சென்னைக் கோட்டைப் பாண்டைக் கேட்டு, அந்த மெட்டுகளுக்கு ஸம்ஸ்கிருதத்தில் ஸாஹித்யம் செய்தார். ஆங்கில ராஜ வாழ்த்தின் மெட்டுத்தான் ‘ஸந்ததம் பாஹிமாம்’ ஆயிற்று. நம் குழந்தைகள் பாடும் நோட்டு ஸ்வரங்கள் இவையே. தஞ்சையில் இரண்டாம் சரபோஜி மன்னர் (1798–1832) அரண்மனையிலேயே மேனாட்டுப் பாண்டு வைத்திருந்தார். பிறகு அது நம் தெருவுக்கும் வந்து சேர்ந்தது.

நெய்வேலியைப் பாருங்கள். 1956-ல் பழுப்பு நிலக்கரி நிறுவனம் தோன்றிய பின் எழுந்த நகரம். பல ஊர்க்காரர்கள் கூடி வாழும் இடம். வீட்டுக்கு வீடு வழக்கம் வேறு. ஆனால் டிரம்பெட் ஒலித்தால், “இது எந்த ஊர் வழக்கம்?” என்று யாரும் கேட்பதில்லை!

ஒன்று சொல்லட்டுமா? தெரு நெடுக நடந்துகொண்டே ஊதுவதற்கு அடிவயிற்றிலிருந்து மூச்சு வர வேண்டும். அப்படி ஊதியவரைப் பந்தலுக்கு வெளியே காக்க வைத்து, கடைசியில் மிச்சம் மீதியைப் போடுவது நியாயமா? அடுத்த கல்யாணத்தில், ஊர்வலம் முடிந்த கையோடு அவருக்கும் ஓர் இலை போடச் சொல்லுங்கள். பந்தி விசாரிப்பது நம் கையில்தானே இருக்கிறது!