புறம்போக்கு நிலம்: ஊருடையதா, அரசுடையதா?

‘புறம்போக்கு’ என்று ஒருவரைத் திட்டினால், எதுக்கும் உதவாத ஆள் என்று பொருள். வசவாகிப்போன இந்தச் சொல் உண்மையில் ஊருக்கு மிகவும் வேண்டிய நிலத்தின் பெயர். ஏரி, வாய்க்கால், மேய்க்கால், களம், சுடுகாடு, வண்டிப்பாதை எல்லாம் அதில் அடக்கம். எல்லோருக்கும் பொது என்பதால் யாருக்கும் பட்டா இல்லை, வரியும் இல்லை. ரயத்வாரி முறையில் நிலத்தை அளந்த ஆங்கிலேயர் கணக்கில் அது வருமானம் தராத நிலம். அந்தப் பார்வை இன்னும் தாலுகா ஆபீஸை விட்டுப் போகவில்லை.

1905-இல் வந்த நில ஆக்கிரமிப்புச் சட்டம், சாலை, ஆறு, ஏரி போன்றவற்றை அரசின் சொத்து என்று அறிவித்தது. ஆக்கிரமிப்பைத் தடுக்கத்தான் அந்தச் சட்டம். ஆனால், ஊர்ச்சொத்து சர்க்கார் சொத்தானதும் அதோடு நடந்துவிட்டது. அந்த சர்க்காரே ஏரியைத் தூர்த்தால் யாரிடம் போய்ச் சொல்வது? மாம்பலம் ஏரி 1920-களில் தியாகராய நகர் ஆனது. நுங்கம்பாக்கம் ஏரி இருந்த இடத்தில் 1976-இல் வள்ளுவர் கோட்டம் எழுந்தது. இன்று ராம்சர் பட்டியலில் இருக்கும் பள்ளிக்கரணை சதுப்பு நிலத்தில்தான் பெருங்குடி குப்பைக் கிடங்கும் இருக்கிறது.

2011-இல் ஜக்பால் சிங் வழக்கில், பஞ்சாப் கிராமம் ஒன்றின் குளத்தை ஆக்கிரமித்தவர்களை வெளியேற்றச் சொன்ன உச்ச நீதிமன்றம், எல்லா மாநிலங்களும் பொது நிலங்களை மீட்கத் திட்டம் வகுக்க வேண்டும் என்றது. நல்ல தீர்ப்புதான். ஆனால், ஜேசிபி முதலில் போய் நிற்பது எப்போதும் குடிசை வாசலில்தான். நீர்நிலையில் கட்டிய அரசு அலுவலகத்தையோ கல்லூரியையோ அது அவ்வளவு எளிதில் நெருங்குவதில்லை.

இந்தப் பின்னணியில்தான் 2023 ஏப்ரல் 21 அன்று, கூட்டத்தொடரின் கடைசி நாளில், தமிழ்நாடு நில ஒருங்கிணைப்பு (சிறப்புத் திட்டங்களுக்கான) மசோதா பேரவையில் விவாதமே இல்லாமல் நிறைவேறியது. 100 ஹெக்டேருக்குக் குறையாத திட்டப் பகுதிக்குள் ஏரி, ஓடை இருந்தாலும், அவற்றைச் சேர்த்தே நிலத்தை ஒருங்கிணைக்க அது வழி செய்கிறது. தொழில் வரவேண்டும், வேலை வேண்டும் என்ற அரசின் வாதத்தைச் சும்மா தள்ளிவிட முடியாது. நீரின் கொள்ளளவு குறையாமல் பார்த்துக்கொள்வோம் என்றும் சொல்கிறார்கள். ஏரி என்பது வெறும் தொட்டி அல்லவே! வரத்துக் கால்வாயும் கலங்கலும் ஆயக்கட்டும் சேர்ந்ததுதான் ஏரி. நான்கில் ஒன்றை நகர்த்தினால் மற்ற மூன்றும் கெடும். இதை நிபுணர் குழுவைவிட நீர்ப்பாய்ச்சும் மடையாளுக்கு நன்றாகவே தெரியும். அந்த ஆளையும் கேட்டுத்தான் முடிவெடுக்க வேண்டும் என்றால், கிராம சபையின் ஒப்புதல் இல்லாமல் நீர்நிலையைத் தொட முடியாது என்று அந்தச் சட்டத்திலேயே எழுத வேண்டும்.